குரங்குக் கதைக்காரர் வரைந்த வானம்

சேட்டைக்காரக் குட்டிக் குரங்கு ஜார்ஜின் கதைகளைப் பல நாட்டுப் பிள்ளைகள் படித்து வளர்ந்திருக்கிறார்கள். அந்தக் குரங்கை வரைந்த எச். ஏ. ரே, வானத்தைப் பற்றியும் ஒரு புத்தகம் செய்தார். ‘தி ஸ்டார்ஸ்: எ நியூ வே டு சீ தெம்’ என்ற அந்த நூலை 1952-இல் அமெரிக்காவின் ஹூட்டன் மிஃப்லின் பதிப்பகம் வெளியிட்டது. ரே வானியலாளர் அல்ல. ஓவியத்தையும் பள்ளியில் முறையாகக் கற்றவர் அல்ல. இளம் வயதில் விண்மீன்களைத் தேடித் தடுமாறிய அனுபவம் அவரிடம் இருந்தது. அந்தத் தடுமாற்றத்திலிருந்துதான் நூல் பிறந்தது.

ஹான்ஸ் அகுஸ்டோ ரே 1898-இல் ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் பிறந்தார். முதல் உலகப் போர் அவரையும் படைக்கு இழுத்துக்கொண்டது. விளக்கணைத்த போர்முனை இரவுகளில் வானம் தெளிவாகத் தெரிந்தது. பையில் ஒரு வானியல் கைந்நூலும் இருந்தது. ஆனால் நூலில் கண்ட படத்தை மேலே பார்த்தபோது காணவில்லை. புதிதாகப் பார்க்க வருகிறவனுக்கு அந்த நூல் கைகொடுக்கவில்லை என்பது அவர் மனத்தில் தங்கிவிட்டது.

அந்தக் காலத்து வான நூல்கள் பெரும்பாலும் இரண்டு வகை. முதல் வகை, ஜோஹான் பேயர் 1603-இல் வெளியிட்ட ‘யுரனோமெட்ரியா’ போன்ற பழைய வான வரைபடங்களின் வழியில் வந்தது. வீரன், கன்னி, கரடி, சிங்கம் என்று அழகழகாக ஓவியம் தீட்டியிருப்பார்கள். கண் ஓவியத்தில் நிற்கும், விண்மீன்கள் அதற்குள் ஒளிந்துகொள்ளும். ஓவியத்தை எடுத்துவிட்டால் சிங்கத்தை எப்படிக் கண்டுபிடிப்பது என்பதற்கு வழி இருக்காது. இரண்டாம் வகை, புள்ளிகளை நேர்க்கோடுகளால் இணைத்துச் சதுரமும் முக்கோணமும் போட்டுக் காட்டியது. அந்தக் கட்டங்களுக்கும் மேலே எழுதியிருந்த பெயருக்கும் ஒட்டே இருக்காது. நினைவில் பிடித்துக்கொள்ள எதுவும் இல்லாததால் ஒரே வாரத்தில் மறந்துபோகும்.

போர் முடிந்து ரேயின் வாழ்க்கை எங்கெங்கோ போயிற்று. 1920-களின் நடுவில் பிரேசில் சென்று, குளியல் தொட்டிகளையும் கைகழுவும் தொட்டிகளையும் விற்றார். 1935-இல் ரியோ டி ஜெனிரோவில் மார்கரெட்டை மணந்தார். இருவரும் ஹாம்பர்க் யூதர்கள். அங்கிருந்து பாரிஸுக்குப் போய் வாழ்ந்தார்கள். 1940 ஜூன் மாதம் நாஜிப் படை பாரிஸை நெருங்கியது. வண்டி எதுவும் கிடைக்கவில்லை. உதிரி பாகங்களை வாங்கி ரே தன் கையாலேயே இரண்டு சைக்கிள்களைப் பூட்டினார். குரங்குக் கதையின் கைப்பிரதியோடு இருவரும் ஜூன் 12 அன்று நகரை விட்டுக் கிளம்பினார்கள். 14-ஆம் தேதி ஜெர்மானியப் படை உள்ளே வந்துவிட்டது. லிஸ்பன், ரியோ வழியாக அக்டோபரில் நியூயார்க் சேர்ந்தார்கள். 1941-இல் குரங்கு ஜார்ஜ் அச்சேறியது.

பிள்ளைகளுக்காகக் கோடு போட்டுப் பழகிய அதே கை பிறகு வானத்துக்குத் திரும்பியது. ஒரு விண்மீனைக்கூட ரே இடம் மாற்றவில்லை. அவற்றை இணைக்கும் கோடுகளை மட்டுமே மாற்றினார். பெயரில் இருக்கும் உருவம் கோட்டில் தெரிய வேண்டும், அந்தக் கோடு உண்மையான விண்மீன்கள் மேலேயே போக வேண்டும் என்பது அவர் தனக்கு விதித்துக்கொண்ட நிபந்தனை. மிதுனத்தை எடுத்துக்கொள்வோம். நாம் புனர்பூசம் என்று சொல்லும் இரண்டு விண்மீன்களைத் தலைகளாக வைத்து, கைகோத்து நிற்கும் இரண்டு குச்சி மனிதர்களை வரைந்தார். ஒருமுறை பார்த்த குழந்தை பிறகு மறக்காது. பெருங்கரடிக் கூட்டத்தில் சப்தரிஷி மண்டலத்தின் ஏழு விண்மீன்களை மட்டும் பார்த்தால் கரடி தெரியாது. சுற்றியுள்ள மங்கலான விண்மீன்களையும் சேர்த்துக் கோத்தபோது கரடிக்குக் காலும் தலையும் வந்தன.

இப்படி மாற்ற இவருக்கு என்ன உரிமை என்று கேட்கலாம். சர்வதேச வானியல் ஒன்றியம் 88 விண்மீன் கூட்டங்களை ஏற்று, அவற்றின் எல்லைகளை வகுத்தது. எல்லை வரைபடம் 1930-இல் வெளியானது. எல்லைகள் நிலையானவை. ஆனால் உள்ளே எந்தப் புள்ளியை எதனோடு சேர்ப்பது என்று எந்த விதியும் இல்லை. அது பார்க்கிறவரின் வசதி. அந்த இடத்தில்தான் ரே தன் வேலையைச் செய்தார்.

அவர் நூலின் இன்னொரு அருமை, ஒரே வானத்தை இரண்டு முறை காட்டியது. ஒரு படத்தில் வெறும் விண்மீன்கள். அருகிலுள்ள படத்தில் அதே விண்மீன்கள் கோடுகளோடும் பெயர்களோடும். வெளியே நின்று பார்ப்பவருக்குத் தெரிவது கோடில்லாத வானம்தான். அதைக் கோடுள்ள படத்தோடு ஒப்பிட்டு ஒப்பிட்டுக் கண் பழகிவிடுகிறது. பிரகாசத்துக்கு ஏற்ப விண்மீன்களுக்குத் தனித்தனிக் குறிகளும் கொடுத்தார். வானம் ஏன் சுழல்வதுபோலத் தெரிகிறது, பருவத்துக்குப் பருவம் காட்சி ஏன் மாறுகிறது என்ற விளக்கங்களைக் கடைசிப் பகுதிக்குத் தள்ளினார். முதலில் பார், பிறகு புரிந்துகொள் என்ற அந்த வரிசையிலேயே அவர் குழந்தைகளை நன்கு அறிந்தவர் என்பது தெரிகிறது.

இரண்டு ஆண்டு கழித்து, 1954-இல், இளம் பிள்ளைகளுக்காகவே ‘ஃபைண்ட் த கான்ஸ்டலேஷன்ஸ்’ என்ற நூலைச் செய்தார். முதல் நூலைப் படித்த ஆல்பர்ட் ஐன்ஸ்டைன் பாராட்டிக் கடிதம் எழுதினார். ரே 1977-இல் காலமானார், அவர் கோடுகள் இன்னும் புழங்குகின்றன. கணினியில் வானம் காட்டும் ‘ஸ்டெல்லேரியம்’ மென்பொருளில் ரேயின் உருவங்களைத் தேர்ந்தெடுத்துப் பார்க்கலாம். சர்வதேச வானியல் ஒன்றியம் இன்று பொதுமக்களுக்குத் தரும் விண்மீன் வரைபடங்களின் கோடுகளிலும் ரேயின் தாக்கம் உண்டு என்று அந்த ஒன்றியமே குறிப்பிடுகிறது. போர்முனையில் வழி தெரியாமல் நின்ற சிப்பாயின் குறை, வானியலாளர்களின் வரைபடம் வரை போய்ச் சேர்ந்தது.

ஒரு குறையையும் சொல்ல வேண்டும். ரேயின் உருவங்கள் பல மங்கலான விண்மீன்களை நம்பி நிற்பவை. தெருவிளக்கு வெளிச்சம் நிறைந்த நகரத்தில் கரடியின் கால் தெரியாது. இருட்டான கிராமத்து வானமே அவற்றுக்குப் பொருத்தம்.

நம் பிள்ளைகளுக்கு வேறொரு சிக்கலும் உண்டு. நியூயார்க்கில் துருவ நட்சத்திரம் அடிவானத்திலிருந்து ஏறத்தாழ 41 பாகை உயரத்தில் நிற்கும். சென்னையில் 13 பாகை, கன்னியாகுமரியில் வெறும் 8 பாகை. நியூயார்க்கில் உதிக்கவே உதிக்காத அகத்திய நட்சத்திரம், பிப்ரவரி இரவுகளில் நம் தெற்கு வானில் பளிச்சென்று நிற்கிறது. மே மாதத்து இரவுகளில் திரிசங்குவையும் பார்க்கலாம். வடக்கே உள்ளவர்களுக்கு வரைந்த படம் நமக்கு அப்படியே பொருந்தாது. ரேயின் நூலைத் தமிழில் பெயர்த்தால் மட்டும் போதாது. அவர் செய்த வேலையை நம் வானத்துக்கும் ஒருவர் செய்ய வேண்டும்: நம் ஊரில் தெரியும் விண்மீன்கள், பாட்டி சொன்ன பெயர்கள், பக்கத்துக்குப் பக்கம் கோடுள்ள படமும் கோடில்லாத படமும். ஓவியரும் ஆசிரியரும் ஒன்றுசேர்ந்தால் முடியும். எழுதி முடித்ததும் அச்சுக்கு அனுப்பிவிடாதீர்கள். ஒரு குழந்தையின் கையில் கொடுத்து மொட்டை மாடிக்கு அனுப்புங்கள். யார் உதவியும் இல்லாமல் ஒரு விண்மீன் கூட்டத்தையாவது அது கண்டுபிடித்தால், அந்தப் புத்தகம் வெளிவரலாம்.