டெத்தீஸ் கடலில் வாழ்ந்த ராட்சத மென்னோட்டு ஆமை: சுலைமான் மலைப் புதைபடிவம் கூறும் வரலாறு

இன்று வறண்ட மலைத்தொடராகக் காட்சியளிக்கும் பாகிஸ்தானின் சுலைமான் மலைப்பகுதி, சுமார் 4 கோடி ஆண்டுகளுக்கு முன்பு ஆழம் குறைந்த கடலாக இருந்தது. அக்கடலில் படிந்த பாறை அடுக்குகளில் எலும்புகளை விட்டுச் சென்ற உயிரினங்களுள் ஒன்று, 'டிராசிண்டெரெட்டிஸ்' என்னும் அழிந்துபோன மென்னோட்டு ஆமைப் பேரினம்.

பெயர் வந்த விதம்

பஞ்சாப் மாகாணத்தில் உள்ள சுலைமான் மலையின் 'டிராசிண்டா' பாறைப் படிவத்தில் இதன் எலும்புகள் கண்டெடுக்கப்பட்டன. ஜேசன் ஹெட், மஹ்மூத் ராசா, பிலிப் ஜிஞ்சரிச் ஆகிய ஆய்வாளர்கள் 1999-ஆம் ஆண்டு இதனைப் புதிய பேரினமாக விவரித்தனர். பேரினப் பெயரின் முற்பகுதி பாறைப் படிவத்தையும், 'டெத்தீயென்சிஸ்' என்னும் சிற்றினப் பெயர் டெத்தீஸ் கடலையும் குறிக்கின்றன. இப்பேரினத்தில் இந்த ஒரு சிற்றினம் மட்டுமே அறியப்பட்டுள்ளது.

இந்தியத் துணைக்கண்டம் வடக்கு நோக்கி நகர்ந்து ஆசிய நிலப்பரப்புடன் மோதியபோது, இரண்டுக்கும் இடையே இருந்த டெத்தீஸ் கடல் படிப்படியாகச் சுருங்கி மறைந்தது. அதன் அடியில் படிந்திருந்த வண்டல், மடிந்து மலையாக உயர்ந்தது. கடல்வாழ் உயிரினங்களின் எச்சங்கள் மலைமேல் கிடைப்பதற்கு இதுவே காரணம். 'பாசிலோசாரஸ்' என்னும் தொல் திமிங்கிலத்தின் எலும்புகளும் இதே பாறைப் படிவத்தில் கிடைத்துள்ளன.

மென்னோட்டு ஆமை என்றால் என்ன?

மற்ற ஆமைகளின் ஓட்டை மூடியிருக்கும் கடினமான தகடுகள் இவற்றுக்கு இல்லை. எலும்பின்மேல் தோல் மட்டுமே போர்த்தியிருக்கும். ஓட்டின் விளிம்பும் வளையும் தன்மை கொண்டது. நீண்ட மூக்கை மட்டும் நீருக்கு மேலே நீட்டி இவை சுவாசிக்கின்றன. தொண்டையின் உட்புறத் தோல் வழியாக நீரிலிருந்தே ஓரளவு ஆக்சிஜனைப் பெறவும் இவற்றால் முடியும். கங்கை மென்னோட்டு ஆமையும், தமிழகக் குளங்களில் காணப்படும் பால் ஆமையும் இக்குடும்பத்தைச் சேர்ந்தவையே.

இவற்றின் ஓட்டு எலும்பின் மேற்பரப்பில் சிறு குழிகளும் வரிகளும் நிறைந்திருக்கும். இதனால் உடைந்த துண்டு ஒன்று கிடைத்தாலும் அது மென்னோட்டு ஆமையுடையதா என்பதைப் பெரும்பாலும் கண்டறிந்துவிடலாம். டிராசிண்டெரெட்டிஸின் முழு எலும்புக்கூடு கிடைக்கவில்லை. எனினும், அதே படிவத்தில் கிடைத்த வயிற்றுப்புற ஓட்டின் எலும்புத் துண்டு ஒன்று, இக்குடும்பத்தின் மிகப் பெரிய ஆமைகளுடன் ஒப்பிடத்தக்க பேருருவம் கொண்ட விலங்கினுடையது என்று ஆய்வாளர்கள் கருதுகின்றனர்.

ஆற்று ஆமை கடலில் வாழ முடியுமா?

இன்றைய மென்னோட்டு ஆமைகள் பெரும்பாலும் ஆறு, ஏரி, குளங்களில் வாழ்பவை. ஆனால், ஆப்பிரிக்க மென்னோட்டு ஆமை மத்தியதரைக் கடலில் நீந்துவது பதிவாகியுள்ளது. இந்தியாவிலும் காணப்படும் கான்டோர் மென்னோட்டு ஆமை ஆற்று முகத்துவாரங்களிலும் கடலோரங்களிலும் வாழ்கிறது. ஆகவே கடற்படிவத்தில் இத்தகைய ஆமை கிடைத்தது வியப்புக்குரியதாயினும், இயற்கைக்கு முரணானது அன்று. உப்பு நீரைத் தாங்கும் திறன் இக்குடும்பத்தில் மிகப் பழமையானது என்பதற்கு அது சான்றாகிறது.

டைனோசர்களைத் தாண்டிய குடும்பம்

மென்னோட்டு ஆமைகளின் வரலாறு கிரெட்டேசியஸ் காலத்தின் முற்பகுதியில், 10 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே தொடங்குகிறது. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன்பு டைனோசர்களை அழித்த பேரழிவையும் இக்குடும்பம் கடந்து வந்தது. டிராசிண்டெரெட்டிஸ் போன்ற பேரினங்கள் மறைந்தாலும் அதன் உறவினங்கள் நிலைத்தன.

இப்போது அவற்றுக்கு ஆபத்து மனிதர்களிடமிருந்து வருகிறது. இறைச்சிக்கான வேட்டை, மணல் அள்ளுதல், அணைகள் ஆகியவை முட்டையிடும் கரைகளையும் வாழிடங்களையும் குறைத்துவிட்டன. யாங்சி மென்னோட்டு ஆமையின் பெண் ஒன்று 2019 ஏப்ரலில் சீனாவின் சூச்சௌ விலங்குக் காட்சிசாலையில் இறந்தது. அந்த இனத்தில் இன்று விரல்விட்டு எண்ணக்கூடியவையே எஞ்சியுள்ளன.

இந்தியாவில் கருப்பு மென்னோட்டு ஆமை 2002-ஆம் ஆண்டு இயற்கை வாழிடத்தில் அழிந்துவிட்டதாக அறிவிக்கப்பட்டது. அஸ்ஸாம், திரிபுரா மாநிலங்களின் கோயில் குளங்களில் பக்தர்கள் உணவிட்டுக் காத்த ஆமைகளே அவ்வினம் முற்றிலும் அற்றுப்போகவில்லை என்பதற்குச் சான்றாக நின்றன. பின்னர் பிரம்மபுத்திரா வடிநிலத்தில் இயற்கையிலும் அவை வாழ்வது உறுதிசெய்யப்பட்டது.

டெத்தீஸ் கடல் மறைய பல கோடி ஆண்டுகள் ஆயின. ஓர் ஆற்றின் மணற்கரை மறைய சில ஆண்டுகளே போதும் என்பதால், எஞ்சியுள்ள இனங்களின் முட்டையிடும் இடங்களைக் காப்பதே இன்றைய அவசரத் தேவையாக உள்ளது.