பத்து நாள் வாரம்

கற்பனை உலகங்களைப் படைக்கும் கதையாசிரியர் சிலர், அவ்வுலகிற்கு மலையும் ஆறும் மொழியும் வகுப்பதோடு நில்லாமல் நாட்காட்டியும் வகுத்துத் தருவர். ஆக்ஸ்போர்டுப் பேராசிரியர் டோல்கின் 1954, 1955 ஆம் ஆண்டுகளில் வெளியிட்ட ‘லார்டு ஆஃப் தி ரிங்ஸ்’ என்னும் பெருங்கதையின் பிற்சேர்க்கையில், ஹாபிட்டுகள் எனும் குறு மாந்தர்க்குரிய நாட்காட்டி ஒன்று உண்டு. திங்கள் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் 30 நாள். எஞ்சிய நாட்கள் எத்திங்களிலும் சேராமல் தனித்து நிற்கும். நடுவாண்டு நாளுக்குக் கிழமையே இல்லை. ஆதலின் ஒவ்வொரு தேதியும் ஆண்டுதோறும் ஒரே கிழமையில் வரும். அழகிய ஏற்பாடுதான். கதைமாந்தர் தம்மைப் படைத்தவரிடம் முறையிடுவதும் இல்லை.

ஆனால், ஏறத்தாழ இதே அமைப்புடைய நாட்காட்டி ஒன்றை, அதற்கு நூற்றறுபது ஆண்டுகளுக்கு முன்னரே, உயிருள்ள மக்கள்மீது ஓர் அரசு சுமத்திப் பார்த்தது. அந்த நாடு பிரான்சு.

1792 செப்டம்பரில் பிரெஞ்சு மக்கள் மன்றம் முடியாட்சியை ஒழித்தது. குடியரசின் முதல் நாள் செப்டம்பர் 22. அன்றே பகலும் இரவும் சமமாகும் இலையுதிர்கால நாளாகவும் அமைந்தது கண்டு புரட்சியாளர் பெரிதும் மகிழ்ந்தனர். வானமே குடியரசுக்குச் சான்று கூறுவதாக அவர்களுக்குத் தோன்றியது. கணித ஆசிரியராக இருந்த கில்பெர் ரோம் என்பவர் தலைமையில் ஒரு குழு அமைந்தது. 1793 அக்டோபர் 5 ஆம் நாள் புதிய முறை ஏற்கப்பட்டது. கிறிஸ்து பிறப்பாண்டு கைவிடப்பட்டு, குடியரசு ஆண்டு வந்தது. ஆண்டுக்கு 30 நாள் கொண்ட 12 திங்கள். இறுதியில் 5 நாளோ 6 நாளோ விழா நாட்கள். ஏழு நாள் வாரம் மறைந்து, பத்து நாள் கொண்ட ‘தெக்காது’ தோன்றியது. ஞாயிற்றுக்கிழமையையும் புனிதர் திருநாட்களையும் மக்கள் மனத்தினின்று அகற்றுவதே உள்நோக்கம்.

திங்களுக்குப் பெயர் சூட்டியவர் ஃபாப்ர தெக்லாந்தின் என்னும் கவிஞர், நாடக நடிகரும்கூட. பெயர்கள் இனிமையானவை என்பதை நான் தயங்காமல் ஒப்புக்கொள்வேன். திராட்சை அறுவடைக்கு வாந்தெமியேர், மூடுபனிக்குப் புருமேர், பனி பெய்வதற்கு நிவோஸ், முளை விடுவதற்கு ஜெர்மினால், வெப்பத்திற்குத் தெர்மிதோர். ஒரே பருவத்தில் அமைந்த மூன்று திங்களும் ஒரே ஓசையில் முடியும். புனிதர் பெயர் இருந்த இடத்தில் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு செடியோ விலங்கோ உழவுக்கருவியோ பெயராயிற்று. நிவோஸ் எட்டாம் நாளுக்குரிய பெயர் ‘எரு’. வகுப்பில் இதைச் சொன்னபோதெல்லாம் மாணவர் சிரிப்பை அடக்க எனக்கு நேரம் பிடித்தது உண்டு!

இப்பெயர்கள் பாரிசின் வானிலையைப் பார்த்து வைத்தவை. இந்தியப் பெருங்கடலில் அன்று பிரெஞ்சுக் குடியேற்றமாக இருந்த மொரிஷியசிலும் அவை ஆவணங்களில் எழுதப்பட்டன. புதுச்சேரிப் பகுதியிலிருந்து சென்ற தமிழ்க் கைவினைஞரும் வாழ்ந்த தீவு அது. அங்கே பனித் திங்களாகிய நிவோஸ் கடுங்கோடையில் வந்தது.

நாளையும் பத்தாகப் பிரித்தனர். நாளுக்கு 10 மணி, மணிக்கு 100 நிமிடம். நண்பகல் ஐந்து மணி. இரு முறைகளையும் காட்டும் முகப்புடைய கடிகாரங்கள் செய்யப்பட்டன. ஆயினும் இந்த மணிக்கணக்கு நிலைக்கவில்லை. 1795 ஏப்ரல் 7 ஆம் நாள் வந்த சட்டம் அதனை நிறுத்தி வைத்தது. வியப்பு என்னவெனில், மீட்டர் அளவையை நாட்டுக்கு வகுத்தளித்ததும் அதே சட்டந்தான். ஒரே அறிவாளர் கூட்டம், ஒரே பத்தின் கணக்கு. ஒன்று வீழ, மற்றொன்று உலகெங்கும் பரவி, இன்று நம் ஊர் ஜவுளிக்கடை வரை வந்துவிட்டது. ஏன் இவ்வேறுபாடு? எந்தக் கோலால் அளந்தாலும் துணிக்கு நோவதில்லை. நாளை அளக்கும்போதோ மனிதனின் உழைப்பும் ஓய்வும் அந்தக் கோலுக்கு உட்படுகின்றன.

இக்கணக்கை மாணவர்களே போட்டுப் பாருங்கள். ஏழு நாளுக்கு ஒருமுறை ஓய்வு என்றால் ஆண்டுக்கு 52 நாள். பத்து நாளுக்கு ஒருமுறை என்றால் 36 நாள்; ஆண்டிறுதி விழா நாட்களைக் கூட்டினும் 41 அல்லது 42. சமத்துவத்தின் பெயரால் வந்த நாட்காட்டி, தச்சனிடமிருந்தும் நெசவாளியிடமிருந்தும் ஆண்டுக்குப் பத்து ஓய்வு நாட்களைப் பறித்தது. சமயப் பற்று மட்டுமே இதனை எதிர்த்தது என்று எழுதுவோர் இந்தக் கணக்கை மறந்துவிடுகின்றனர். பல ஊர்களில் மக்கள் ஞாயிற்றுக்கிழமையை விடவில்லை. 1798 இல் பத்தாம் நாளன்று கடைகளை மூட வேண்டும் என்று சட்டமே இயற்ற நேர்ந்தது. தானாக ஏற்கப்பட்ட வழக்கத்திற்கு அத்தகைய சட்டம் எதற்கு?

படைத்தவர்களையும் அந்நாட்காட்டி விட்டுவைக்கவில்லை. ஃபாப்ர 1794 ஏப்ரல் 5 இல் கில்லட்டினுக்கு இரையானார்; புதுக் கணக்கில் அது ஜெர்மினால் 16. முளை விடும் திங்கள் என்று அவரே பெயரிட்ட திங்கள்! ரோம் 1795 ஜூன் 17 இல், புல்வெளித் திங்களாகிய பிரேரியாலில், மரண தண்டனை விதிக்கப்பட்டவுடன் கத்தியால் தம்மைக் குத்திக்கொண்டு மாண்டார். ரொபெஸ்பியர் வீழ்ந்தது தெர்மிதோர் 9. நெப்போலியன் ஆட்சியைக் கைப்பற்றியது புருமேர் 18. வரலாற்று நூல்களில் இப்பெயர்கள் இன்றும் அந்நிகழ்ச்சிகளையே குறிக்கின்றன; வெப்பத்தையும் மூடுபனியையும் எவரும் நினைப்பதில்லை.

நெப்போலியன் திருச்சபையுடன் உடன்படிக்கை செய்தபின், 1802 இல் அரசு அலுவலர்க்கு ஞாயிறு ஓய்வு திரும்ப வந்தது. வாரம் போனபின் எஞ்சியது பெயரே. 1805 செப்டம்பரில் பிறந்த ஆணையால் அதுவும் நீங்கிற்று. 1806 சனவரி முதல் நாள் பிரான்சு பழைய நாட்காட்டிக்கு மீண்டது. 1871 மே மாதத்தில் பாரிஸ் கம்யூன் தன் அரசிதழில் ‘ஆண்டு 79’ என்று சில நாட்கள் அச்சிட்டது. அம்மாதம் 28 ஆம் நாள் கம்யூன் வீழ்ந்தது; பழைய தேதிகளே இதழில் மீண்டும் இடம்பெற்றன.