டோனர் கார்டு மட்டும் இருந்தா போதுமா? சிறுநீரக நோயாளிகளும் உறுப்பு தானமும்: தெரிஞ்சிக்க வேண்டியவை

வாரத்துக்கு 3 நாள், ஒவ்வொரு முறையும் சுமார் 4 மணி நேரம். சிறுநீரகங்கள் செயலிழந்த பலருக்கு ஹீமோ டயாலிசிஸ் அட்டவணை இதுதான். போய் வரும் நேரமும் அதன்பிறகு வரும் அசதியும் தனிக்கணக்கு. தண்ணீரைக்கூட அளந்துதான் குடிக்கணும். பொட்டாசியம் அதிகமுள்ள இளநீர், வாழைப்பழத்துக்கும் கட்டுப்பாடு உண்டு.

டயாலிசிஸ் நோயைக் குணப்படுத்துமா?

இல்லை. ரத்தத்தில் சேரும் கழிவையும் கூடுதல் நீரையும் வெளியேற்றும், அவ்வளவுதான். நிரந்தரமாகச் செயலிழந்தவர்களுக்கு அடுத்த வழி மாற்று அறுவை சிகிச்சை. புதிய சிறுநீரகத்தை அடிவயிற்றில் பொருத்துவாங்க. பழையவை பெரும்பாலும் அப்படியே இருக்கும். உடல் புதிய உறுப்பை நிராகரிக்காம இருக்க, மாத்திரைகளைத் தொடர்ந்து சாப்பிடணும்.

யார் தரலாம்?

பெற்றோர், பிள்ளைகள், உடன்பிறந்தோர், கணவன், மனைவி போன்ற நெருங்கிய உறவினர்கள் தரலாம். ஆனா அவங்களுக்கே சர்க்கரை நோய் இருந்தாலோ, பரிசோதனையில் பொருந்தாவிட்டாலோ சிக்கல்தான். அப்போது நம்பிக்கை, மூளைச்சாவு அடைந்தவரின் உறுப்பு தானம்.

மூளைச்சாவும் கோமாவும் ஒன்றா?

இல்லை. கோமாவில் இருப்பவர் மீள வாய்ப்புண்டு. மூளைச்சாவில் மூளைத்தண்டின் செயல்பாடு நிரந்தரமாக நின்றுவிடும். வென்டிலேட்டர் உதவியால்தான் இதயம் துடிக்கும். 4 மருத்துவர்கள் கொண்ட குழு, குறைந்தது 6 மணி நேர இடைவெளியில் 2 முறை பரிசோதித்து உறுதி செய்யணும். உறுப்பு மாற்று அறுவை சிகிச்சை செய்யும் மருத்துவர் இந்தக் குழுவில் இருக்கக் கூடாது.

தமிழ்நாட்டில் என்ன நிலை?

2008 செப்டம்பரில், விபத்தில் மூளைச்சாவு அடைந்த சிறுவன் ஹிதேந்திரனின் உறுப்புகளை, மருத்துவர்களான பெற்றோர் தானம் செய்தது பெரிய விழிப்புணர்வை ஏற்படுத்தியது. இப்போது காத்திருப்போர் பட்டியலையும் உறுப்பு ஒதுக்கீட்டையும் தமிழ்நாடு உறுப்பு மாற்று ஆணையமான டிரான்ஸ்டான் கவனிக்கிறது. உறுப்பு தானம் செய்தவர்களின் இறுதிச்சடங்கு அரசு மரியாதையுடன் நடக்கும் என 2023-ல் முதல்வர் மு.க.ஸ்டாலின் அறிவித்தார்.

கார்டு இருந்தா போதுமா?

போதாது. தேசிய அமைப்பான நோட்டோவின் இணையதளத்தில் ஆதார் மூலம் உறுதிமொழி பதிவு செய்யலாம். ஆனா ஐசியூ வாசலில் மருத்துவர்கள் சம்மதம் கேட்பது குடும்பத்தினரிடம்தான். அவங்க மறுத்தா தானம் நடக்காது. உடலைச் சிதைச்சிடுவாங்களோ என்ற பயம் வேண்டாம். உறுப்புகளை எடுத்தபின் தையல் போட்டு மரியாதையுடன் ஒப்படைப்பாங்க. எடுப்பதற்கான செலவும் குடும்பத்துக்குக் கிடையாது.

உறுதிமொழி எடுத்தவங்க, அதை இன்றைக்கே வீட்டிலும் சொல்லி வைப்பது முக்கியம். துயரமான அந்த நேரத்தில், குடும்பத்தினர் முடிவெடுக்க உதவுவது அந்த ஒரு பேச்சுதான்.