கொடுங்கோன்மையும் இல்லறமும்

ஆரணியில் பட்டுத்தறி பெரும்பாலும் வீட்டினுள்ளேயே நிற்பது. ஆடவர் நெய்யப் பெண்டிர் தார் சுற்றுவர். அடுப்பும் அவர் பொறுப்பே. இத்தகைய இல்லங்களின் வரலாற்றை எழுதப் புகுவார்க்கு, விக்டோரியா டி கிராசியா 1992இல் வெளியிட்ட நூல் நல்ல துணையாகும் என்பது எம் கருத்து. முசோலினியின் இத்தாலியில் மகளிர் வாழ்ந்த அன்றாட வாழ்வை ஆராய்ந்தவர் அவர். மணமாகா ஆடவர்க்கு 1927 முதல் வரி விதித்தும், பிள்ளைகளை மிகுதியாகப் பெற்றோர்க்குப் பரிசளித்தும் அவ்வரசு மக்கட்பேற்றைப் பெருக்க முயன்றது. எனினும் பிறப்பு விகிதம் குறைந்தே வந்தது. இவ்விணங்காமையைக் காவலர் குறிப்பேட்டில் தேடிக் காண்டல் அரிது.

நம் நாட்டு நெருக்கடிநிலை (1975–77) பிள்ளை மிகுதல் வேண்டா என்றது. இரண்டும் ஒன்றென்பது எம் கூற்றன்று. ஆயின் இரண்டும் பள்ளியறை வரை புகுந்தன. 1976–77இல் மட்டும் நாடெங்கும் 80 இலட்சத்துக்கு மேற்பட்ட கருத்தடை அறுவைகள் நிகழ்ந்தன. தொகை ஏட்டில் உளது. மனைவியர் பேச்சு அதில் இல்லை. 1976 சனவரி 31இல் தமிழக ஆட்சி கலைக்கப்பட்டதை எழுதினோம். ஆரணித் தறிவீடுகளில் அந்நாள் எவ்வாறு கழிந்தது என வினவினோமில்லை. அன்று இருபது வயதில் தார் சுற்றியவர் இன்று எழுபதை ஒட்டியவர். அவரை நாடிச் செல்லும் ஆய்வு மாணவர் முதற்கண் கேட்க வேண்டுவது அரசியலன்று. அவ்வாண்டு கூலிப்பணம் யார் கையில் இருந்தது, அரிசி எங்கு வாங்கினீர் என்பனவே.