அய்யாவழி: தென்திருவிதாங்கூரின் சமய எதிர்ப்பியக்கம்

அய்யாவழி, 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் தென்திருவிதாங்கூரில், அதாவது இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தில், அய்யா வைகுண்டர் (1809–1851) தோற்றுவித்த சமய இயக்கம். இதன் தலைமைப்பதி, அதாவது முதன்மை வழிபாட்டுத் தலம், சாமிதோப்பு. வரி, ஊழியம், உடைத் தடை, தீண்டாமை ஆகியவற்றால் நொந்த மக்களின் முறையீடு இங்கே வழிபாடாக வடிவெடுத்தது.

பின்னணி

1750இல் மார்த்தாண்ட வர்மர் திருவிதாங்கூரைப் பத்மநாபசாமிக்கு ஒப்படைத்தார். அதன்பின் வந்த மன்னர்கள் அந்தத் தெய்வத்தின் தாசர்களாக ஆண்டனர். இதனால் அரசாணையை மறுப்பது தெய்வ நிந்தனைக்கு ஒப்பாகக் கருதப்பட்டது. நாடார், ஈழவர், பறையர், புலையர் முதலானோர் மீது தலைவரி சுமத்தப்பட்டது. பனைத் தொழிலாளி ஏறும் ஏணிக்கும் காலில் மாட்டும் தளைக்கும்கூட ஏணிக்காணம், தளைக்காணம் என வரி இருந்தது. கோயிலுக்கும் அலுவலர்களுக்கும் சுமை தூக்குவது, பனையோலை கொடுப்பது எல்லாம் கூலியில்லா ஊழியம். குடை பிடித்தல், செருப்பு அணிதல், பொன் நகை பூணுதல், இடுப்பில் குடம் வைத்தல் ஆகியவை நாடார்களுக்குத் தடைசெய்யப்பட்டிருந்தன. பெண்கள் மார்பை மறைக்கவும் கூடாது.

தோள்சீலைக் கலகங்கள்

1806இல் இலண்டன் மிஷனைச் சேர்ந்த ரிங்கல்தௌபே மயிலாடிக்கு வந்தார். திவானாகவும் ஆங்கிலேய ரெசிடெண்டாகவும் இருந்த கர்னல் மன்றோ, கிறிஸ்தவப் பெண்கள் குப்பாயம் என்னும் சட்டை அணியலாம் என்று அனுமதித்தார். ஆனால் பெண்கள் குப்பாயத்தோடு நிற்காமல், மேல்சாதிப் பெண்களைப் போல் தோள்சீலையும் போட்டுக்கொண்டார்கள். 1822–23இல் கல்குளம், இரணியல் வட்டாரத்தில் அவர்களின் சீலைகள் சந்தையிலும் தெருவிலும் கிழிக்கப்பட்டன. 1827–29இல் கலகம் மீண்டும் மூண்டு, பள்ளிகளும் சிற்றாலயங்களும் எரிந்தன. 1829 பிப்ரவரி 3ஆம் நாள் வந்த அரசு விளம்பரம் நாடார் பெண்கள் தோள்சீலை அணிவதைத் தடுத்தது, ஊழியத்தையும் உறுதிசெய்தது. மதம் மாறாதவர்களுக்கு மிஷனின் துணையும் இல்லை. அவர்கள் நடுவிலிருந்துதான் வைகுண்டர் வந்தார்.

வைகுண்டரின் எழுச்சி

பூவண்டன்தோப்பில் பிறந்த பிள்ளைக்குப் பெற்றோர் இட்ட பெயர் முடிசூடும் பெருமாள். மேல்சாதியார் அதை ஒப்பாததால் முத்துக்குட்டி ஆனது என்பது வழிவழிச் செய்தி. கொல்லம் ஆண்டு 1008 மாசி 20 அன்று (1833 மார்ச்) திருச்செந்தூர்க் கடலிலிருந்து நாராயணரின் மகனாக, வைகுண்டராக எழுந்தார் என்பது அன்பர்களின் நம்பிக்கை. பூவண்டன்தோப்புக்குத் திரும்பி ஆறாண்டு தவமிருந்தார். மக்கள் திரண்டு வந்தனர்.

நாராயணரின் வடிவமான பத்மநாபரின் தாசனாக மன்னர் ஆளும் நாட்டில், தாழ்த்தப்பட்ட ஒருவர் தாமே நாராயணரின் மகன் என்றது அரசின் அடித்தளத்தையே தொட்டது. சுவாதித் திருநாள் மன்னர் அவரைச் சிறைப்பிடித்துத் திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பில் அடைத்தார். ஏறத்தாழ நூற்றுப்பத்து நாள் கழித்து விடுதலையான வைகுண்டரை அன்பர்கள் வாகனத்தில் ஏற்றி ஊருக்குக் கொண்டுவந்தார்கள்.

வழிபாட்டில் எதிர்ப்பு

அய்யாவழிச் சடங்குகள் ஒவ்வொன்றும் ஒரு தடையை நேருக்கு நேர் மறுத்தன. தலையில் துண்டு கட்டுவது மேல்சாதியாரின் உரிமை. மற்றவர் அதைக் கக்கத்தில் இடுக்க வேண்டும். பதிக்குள் நுழையும் ஆண் தலைப்பாகை கட்டியே ஆக வேண்டும் என்றார் வைகுண்டர். இன்றும் பணிவிடைக்காரர் வெண்மண்ணால் நெற்றியில் நாமம் இட, தலைப்பாகையோடு நிற்பவர் கருவறையான பள்ளியறையில் காண்பது சிலையை அல்ல. விளக்குகளுக்கு நடுவே கண்ணாடியில் தம்மையே காண்கிறார்.

சாமிதோப்பின் முத்திரிக் கிணற்றில் பல சாதியாரும் சேர்ந்து நீர் இறைத்துக் குளித்தனர். காணிக்கையும் காவடியும் வேண்டாம், நாட்டார் தெய்வங்களான மாடனுக்கும் இசக்கிக்கும் உயிர்ப்பலி வேண்டாம் என்றார் வைகுண்டர். ஊர்தோறும் எழுந்த நிழல்தாங்கல்கள் என்னும் சிறு வழிபாட்டு இடங்களில் மக்கள் சேர்ந்து உண்டனர், படித்தனர்.

துவையல் தவசு என்ற கூட்டு நோன்பில் எழுநூறு குடும்பங்கள் வாகைப்பதிக் கடற்கரையில் தங்கின. நாளும் மும்முறை குளித்துத் துணி துவைத்து, ஒருவேளை பச்சரிசியும் சிறுபயறும் உண்டன. ‘தீட்டு’ என்று விலக்கப்பட்டவர்கள் தங்கள் தூய்மைக்குத் தாங்களே விதி வகுத்துக்கொண்டனர். பின்னர் இத்தவசு முட்டப்பதியில் தொடர்ந்தது.

அகிலத்திரட்டு

சீடர் அரிகோபாலர் 1841இல் எழுதியதாகக் கொள்ளப்படும் அகிலத்திரட்டு அம்மானை, குறைகளின் பட்டியலாகவும் வாசிக்கத்தக்கது. திருவிதாங்கூர் அரசனைக் கலிநீசன் என்றும், வெள்ளையரை வெண்நீசன் என்றும் அது அழைக்கிறது. கலி அழிந்து தருமயுகம் பிறக்கும் என்பது அதன் முடிவு. நூல் 1939இல் அச்சேறியது.

சமயத்தின் மொழியில் குடிகள் குறை சொல்வது பிற நாடுகளிலும் உண்டு. 1536இல் வட இங்கிலாந்து மக்கள், மடங்களை மூடிய எட்டாம் ஹென்றிக்கு எதிராகக் கிறிஸ்துவின் ஐந்து காயங்கள் பொறித்த கொடியோடு திரண்டபோது, வரிச்சுமையும் அவர்கள் குறைகளில் ஒன்று. அவர்கள் கேட்டது பழைய நிலை. வைகுண்டர் கேட்டதோ இதுவரை இல்லாத ஒன்று.

பிற்கால வரலாறு

1851இல் வைகுண்டர் மறைந்தார். 1858 இறுதியில் மூன்றாம் தோள்சீலைக் கலகம் வெடித்தது. சென்னை ஆளுநர் டிரெவெல்யனின் நெருக்குதலால் 1859 ஜூலை 26ஆம் நாள் மன்னர் தடையைத் தளர்த்தினார். ஆனால் மேல்சாதிப் பெண்களைப் போல் உடுத்தக் கூடாது என்ற நிபந்தனை நீடித்தது. சுசீந்திரம் கோயில் தெருக்களில் நடக்க 1926இலும் சத்தியாக்கிரகம் தேவைப்பட்டது. ஆலயப் பிரவேச விளம்பரம் 1936 நவம்பர் 12இல் வந்தது. இன்று மாசி 20 அன்று நாகர்கோவிலிலிருந்து சாமிதோப்புக்குப் பெரும் ஊர்வலம் செல்கிறது; மாவட்டத்தில் அன்று விடுமுறை.

மதிப்பீடு

மிஷனரிகளின் மனுக்களும் ரெசிடெண்டுகளின் அழுத்தமும் ஆணைகளைப் பெற்றுத் தந்தன. அவ்வரலாறு ஆவணங்களில் விரிவாக உள்ளது. அய்யாவழியின் பங்கு வேறு வகையானது. அது ஆணைக்குக் காத்திருக்கவில்லை. கோயில் கதவு திறப்பதற்கு ஏறத்தாழ நூறாண்டு முன்பே, தலைப்பாகையும் பொதுக் கிணறும் கொண்ட சமூகத்தைத் தன் பதிகளுக்குள் நடத்திக் காட்டியது. தென்திருவிதாங்கூரின் சமூக விடுதலையை அரசு விளம்பரங்களின் தேதிகளை மட்டும் கொண்டு எழுதினால், அது பாதி வரலாறே.