தூக்குமரத்திலும் சமநீதி

அரசுத் தரப்பில் ஒரு பெண் எழுந்து கொலையாளிக்குத் தண்டனை கேட்பது இன்று நமக்குச் செய்தியே அல்ல. ஆனால் 1916இல், சட்டம் படித்த ரெஜினா குஹாவைப் பெண் என்பதாலேயே வழக்காட அனுமதிக்க மறுத்தது கல்கத்தா உயர்நீதிமன்றம். பிரிட்டிஷ் இந்தியாவில் அந்தத் தடையை நீக்க 1923இல் தனிச்சட்டமே தேவைப்பட்டது.

திருவிதாங்கூரில் அன்னா சாண்டி சட்டம் பயின்று, குற்ற வழக்குகளைத் தமது களமாக்கிக்கொண்டார். அரசுப் பணியில் பெண்கள் கூடாதென்று டி.கே. வேலுப்பிள்ளை பேசிய கூட்டத்துக்கே சென்று, எதிர்த்தரப்பு வழக்குரைஞரைப் போல ஒவ்வொரு வாதமாக எடுத்து மறுத்தார். ‘ஸ்ரீமதி’ என்ற இதழையும் நடத்தினார்.

நம்மைத் திடுக்கிட வைப்பது வேறொன்று. திருவிதாங்கூர்ச் சட்டம் பெண்களுக்குத் தூக்கிலிருந்து விலக்களித்திருந்தது. அதை அவர் எதிர்த்தார்! சலுகை என்ற பெயரில் வரும் இரக்கம், பெண்ணை முழுமனிதராக எண்ணாததன் மறுபக்கம் என்று அதற்கு நாம் பொருள் கொள்கிறோம். மரண தண்டனையே கூடாதென்னும் நமக்கு இது உறுத்தத்தான் செய்கிறது. ஆயினும் அவர் தம் தர்க்கத்தை வசதிக்கேற்ப வளைக்கவில்லை.

1937இல் அவர் முன்சீப் ஆனார். நியமித்தவர் திவான் சி.பி. ராமசாமி ஐயர். திவானின் கணக்கில் பற்றெழுத நமக்கு நிறையவே உண்டு. இதை வரவில் வைத்தாக வேண்டும். 1948இல் மாவட்ட நீதிபதி. 1959இல் கேரள உயர்நீதிமன்ற நீதிபதி. இந்தியாவில் அந்த இருக்கைக்கு வந்த முதல் பெண் அவரே. 1967 வரை அங்கிருந்து தீர்ப்புரைத்தார்.