காத்தோட்டியா, காற்றோட்டியா?

ஆடி அமாவாசையன்று கீரிமலைக் கேணியில் முழுகி, தகப்பனுக்குச் செய்யவேண்டியதைச் செய்துவிட்டு வரும் வழியில் சந்தைக்குப் போனேன். யாழ்ப்பாணத்து விரதக்காரருக்கு அன்றைக்கு ஒரு காய் கட்டாயம். மட்டை அட்டையில் ‘காற்றோட்டிக்காய்’ என்று யாரோ படித்த பிள்ளை எழுதிக் கொடுத்திருந்தது. விற்ற அம்மாவோ ‘காத்தோட்டி, காத்தோட்டி’ என்று கூவிக்கொண்டிருந்தார். என் கட்சி அம்மாவின் கட்சி.

மலை என்று பேர்தான். கீரிமலையில் இருப்பது சுண்ணாம்புக்கல். கல் வெடிப்புகளுக்குள் இறங்கும் மழைநீர் கடலோரத்தில் நன்னீர் ஊற்றாய் வருகிறது. மேலே வரண்ட பற்றை. அப்படிப்பட்ட கல்லாங்காட்டுக்கும் வேலிக்கும் ஏற்ற செடி காத்தோட்டி. பூ வெள்ளையாய் விரிந்து, வாடும்போது இளஞ்சிவப்பாகும். இதழைவிட நீண்டு நிற்கும் மகரந்தக் கம்பிகள் ஒரு தூரிகைபோல. காய் தோன்றுவது பூவின் அடியிலல்ல, நடுவிலிருந்து எழும் தனிக் காம்பின் நுனியில்.

பேரைத் தந்தது பூவல்ல, முள். ஒவ்வொரு இலையடியிலும் இரண்டு முள், இரண்டும் கீழ்நோக்கி வளைந்தவை. சேலைத் தலைப்பு மாட்டினால் இழுக்கக்கூடாது; இழுக்க இழுக்க உள்ளே போகும். ஓரடி பின்னுக்கு வந்துதான் கழற்றவேண்டும்.

பழந்தமிழில் தோட்டி என்றால் யானைப்பாகன் கையிலுள்ள அங்குசம். நீத்தார் பெருமையில் ஐம்பொறிகளை யானைகளாக்கி, மனத்திண்மையை அவற்றை அடக்கும் தோட்டியாக்குகிறார் வள்ளுவர். கா என்பது சோலை, காடு. காட்டில் நிற்கும் அங்குசம் காத்தோட்டி: இது என் ஊகம். ஊகத்துக்குத் துணை தமிழ்நாட்டிலிருந்து வருகிறது. அங்கே இதே செடிக்குச் சுடுதொரட்டி என்றும் ஒரு பேர். தொரட்டி, அதாவது துறட்டி, காய் பறிக்கும் வளைந்த கோல். நாங்கள் கொக்கத்தடி என்போமே, அதுதான். இரண்டு கரையிலும் கண்ணில் பட்டது ஒரே கொக்கிதான்.

பிறகு காற்று எங்கிருந்து வந்தது? வைத்தியத்தில் காற்று என்றால் வாதம்; வாதத்தை ஓட்டுவது காற்றோட்டி என்று பொருத்தமாய் ஒரு விளக்கம் சொல்லலாம். பொருத்தமாக இருப்பதுதான் எனக்குச் சந்தேகம். தமிழ்நாட்டுப் பேச்சில் காற்று, காத்தாகிவிடும். அங்கே இரண்டும் குழம்பலாம். யாழ்ப்பாணத்து நாக்கு ற்ற-வை இன்னும் பல்லுக்கு மேலே, அண்ணத்து விளிம்பில் வைத்துத்தான் சொல்கிறது. சந்தை அம்மாவின் ‘காத்தோட்டி’யிலோ நாக்கு பல்லில் முட்டியது. இன்னொன்றும் உண்டு. தோட்டி என்ற சொல் பிற்காலத்தில் துப்புரவுத் தொழிலாளரை இழித்துச் சொல்லும் சொல்லாயிற்று. விரதச் சாப்பாட்டில் அந்தச் சொல் கிடக்கப் பொறுக்காதவர்கள் காற்றை வரவழைத்திருக்கலாம். சொல்லின்மேல் ஏற்றிய தீட்டு காய்க்கும் ஒட்டிக்கொள்ளும் என்ற பயம்.

ஏட்டுப் பேர் ஆதொண்டை. தொண்டை என்பது கோவைக்கொடி; அதன் பழம் சிவப்பு. காத்தோட்டியும் பழுத்தால் சிவக்கும், உறவு அதனால் வந்திருக்கலாம். தொண்டை மண்டலத்துக்குப் பேர் கொடுத்ததாகக் கதை சொல்லும் ஆதொண்டைச் சக்கரவர்த்தியின் பெயரிலும் இதே செடிதான் நிற்கிறது. 1762இல் லின்னேயஸ் இட்ட பெயர் கப்பாரிஸ் சைலனிக்கா. இலங்கையின் பேர் அதில் ஏறியது அப்படித்தான். மத்தியதரைக் கடலோரத்தில் இதன் உறவுச்செடியின் மொட்டை உப்பிலிட்டு, கேப்பர் என்று விற்கிறார்கள். அவர்களுக்கு மொட்டு, எங்களுக்குக் காய். எங்கள் வீட்டில் நாலாய் வெட்டி, விதை நீக்கி, உப்புத்தண்ணீரில் போட்டுப் பொரிப்பார்கள். அப்படியும் கைச்சல் முழுக்கப் போகாது.

அட்டையில் எழுத்துப் பிழை என்று அம்மாவுக்கு நான் சொல்லவில்லை. காய்க் குவியலுக்குள் ஒடித்த கொப்புகளும் கிடந்தன. கையை விட்டேன்.

“பாத்து எடு தம்பி,” என்றார், “முள்ளுக் கொழுவும்.”